நோட்டீஸை வாங்கிய கை

கணவன் உயிர்விட்ட இடத்துக்கு அரசாங்கம் போட்ட விலை, சதுர அடிக்கு அறுநூற்றுப் பத்து. யாரும் உயிர்விடாத பக்கத்து இடத்துக்கும் அதே விலைதான். அந்த விஷயத்தில் அரசாங்கம் பாரபட்சம் பார்ப்பதில்லை.

கண்ணாடிக்கடை அம்மாள் வயிறு எரிந்து வந்திருந்தாள். புதுச் சாலைக்காக அவள் கடையையும் பின்னால் இருக்கும் கட்டிங் கொட்டகையையும் எடுக்கப்போகிறார்கள் என்பது தெருவுக்கே தெரியும். என்ன விலை என்பதுதான் அவளுக்குத் தெரியாது. நேற்றுச் சாயங்காலம், இரண்டு வருடமாக முகம் கொடுத்துப் பேசாத கொழுந்தன் மதிலுக்கு மேலே தலையை நீட்டி, "விலை போதாதுன்னு மனு போட்டாச்சா அண்ணி?" என்று கேட்டான். விலை வந்து பல மாதம் ஆகிவிட்டது என்பதே அப்போதுதான் அவளுக்குத் தெரிந்தது.

இப்போது அவள் நில எடுப்பு அலுவலகத்தின் கம்பி ஜன்னல் முன்னால் நின்றாள். வலப்பக்கம், தராசு என்று எல்லோரும் கூப்பிடும் மனிதர். இன்சூரன்ஸ் கம்பெனியில் இருபது வருடம் எரிந்த கிடங்குகளை ஆராய்ந்தவர். தானாக எரிந்தது எது, எரிக்கப்பட்டது எது என்று சாம்பலை மோந்தே சொல்லுவார். கம்பெனிக்கு வேண்டியவர் கிடங்கு ஒன்றையும் அப்படி மோந்துவிட்டதால் வேலை போய், தனியாகத் துப்பறியும் தொழிலுக்கு வந்தவர். இடப்பக்கம் அவருடைய உதவியாள் ரேடியோ. தொலைபேசி நிலையத்தில் ஆபரேட்டராக இருந்து ஓய்வு பெற்றவள். உத்தியோகம் முழுக்க அடுத்தவர் பேச்சைக் கேட்டுக்கொண்டு வாயை மூடியிருந்ததற்கு இப்போது வட்டியோடு வசூலித்துக்கொண்டிருந்தாள்.

"நோட்டீஸ் கைக்கு வந்தா ஆறு வாரம்மா," என்றார் கிளார்க். "அதுக்குள்ள மனு கொடுக்கணும். உங்களுக்கு வந்து மூணு மாசம் ஆச்சு. முடிஞ்சு போச்சு."

"எனக்கு வரவே இல்லையே."

"வரலைன்னா விலை நிர்ணயம் பண்ணின நாள்லேருந்து ஆறு மாசம். அது இன்னிக்குச் சாயங்காலம் அஞ்சு மணியோட முடியுது. ஆனா உங்களுக்குத்தான் வந்திருக்கே." ஒப்புகைச் சீட்டை ஜன்னல் வழியே நீட்டினார். பெற்றுக்கொண்டவர் 'உடன் வசிக்கும் குடும்பத்தினர்' என்று போட்டிருந்தது. கீழே ஒரு கிறுக்கல்.

ரேடியோ எட்டிப் பார்த்தாள். "இது கையெழுத்தா? எறும்பு மைக்கூட்டுல விழுந்து கரையேறின மாதிரி இல்ல இருக்கு."

"ஆள் இல்லாதப்போ கூட வசிக்கிற குடும்பத்து ஆள்கிட்ட கொடுத்தா, அவங்க கையில கொடுத்த மாதிரிதான். அதான் விதி," என்றார் கிளார்க்.

"கொடுத்தது யாரு சார்?" என்று கேட்டார் தராசு.

கொடுத்த பியூன் வராந்தா பெஞ்சில் உட்கார்ந்து செருப்பு வாருக்கு ஆணி அடித்துக்கொண்டிருந்தார். நிமிராமலே பேசினார்.

"அந்தத் தெருவுல மட்டும் இருபது நோட்டீஸ் சார். மூஞ்சியெல்லாம் யாரு ஞாபகம் வெச்சுக்கறது? அதுவும் அந்த ஆளு மூக்குல துணி கட்டி, கண்ணுல பெரிய தூசிக்கண்ணாடி வேற மாட்டியிருந்தார். கடைக்கும் பக்கத்துக் கடைக்கும் நடுவுல இருக்கிற வாசல்ல நின்னார். கண்ணாடிக்கடை வீட்டு ஆளான்னு கேட்டேன். ஆமான்னு தலையாட்டினார்."

"கொழுந்தன்தான் சார்," என்றாள் அம்மாள் உடனே. "மரக்கடை. நாள் பூரா அறுத்துக்கிட்டே இருப்பான், தூசிக்கண்ணாடியோடதான் திரிவான். நடு வாசல் அவனுக்கும் பொது. நான் நாசமாப் போகணும்னு நினைக்கிற ஒரே ஆளு அவன்தான். நேத்து அவன் கேட்டது அக்கறையில்ல. எல்லாம் முடிஞ்சப்புறம் துக்கம் விசாரிக்கிற மாதிரி."

"உங்க கடையில வேற யாரு தூசிக்கண்ணாடி போடுவாங்க?"

"என் தம்பி. ஓரம் தேய்க்கும்போது போடுவான்." அவள் தராசை ஏற இறங்கப் பார்த்தாள். "அவனைப் பத்தி யோசிக்கவே வேண்டாம் சார். நான் இடுப்புல தூக்கி வளர்த்த பிள்ளை."

"இடுப்புல தூக்கினா கழுத்து அறுக்கக் கிட்டக்கதான் இருக்கும்," என்று முணுமுணுத்தாள் ரேடியோ.

தராசு பியூன் பக்கத்தில் உட்கார்ந்தார். "மூஞ்சி வேண்டாம். எப்படி வாங்கினான்?"

பியூன் சுத்தியலை நிறுத்தினார். யாரும் அவரிடம் இதுவரை கேட்காத கேள்வி அது.

"அது ஞாபகம் இருக்கு சார். ஒருத்தன் பிடுங்குவான், ஒருத்தன் கசக்குவான், ஒருத்தன் திட்டுவான். வாங்க மாட்டேன்னா கதவுல ஒட்டிட்டு வந்துடுவோம். இந்த ஆளு..." சுத்தியலைக் கீழே வைத்துவிட்டு, இரண்டு உள்ளங்கைகளையும் எதிரெதிரே நிமிர்த்திக் காட்டினார். "பெரிய கவரை ரெண்டு ஓரத்துலயும் இப்படிப் பிடிச்சு, நிமிர்த்தி வாங்கினார். நடுவுல விரலே படலை. பக்கத்துல மேஜை இருக்கு, அதுல வைக்கலாம் இல்ல? வைக்கலை. சுவத்துல சாய்ச்சு நிறுத்தினார். அப்புறம்தான் சீட்டுல கையெழுத்து."

தராசு எழுந்து ஜன்னலுக்குப் போனார். "சார், இதே அளவுல ஒரு காலிக் கவர் கிடைக்குமா?"

"அரசாங்கச் சொத்து," என்றார் கிளார்க்.

"அவங்க கடையையே எடுத்துக்கிறீங்க, பதிலுக்கு ஒரு கவர் தரக் கூடாதா?" என்றாள் ரேடியோ. கவர் கிடைத்தது.

*

மரக்கடையில் ரம்பம் நின்றது. கொழுந்தன் தூசிக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினான். தராசு கவரை நீட்டினார்.

அவன் ஒற்றைக் கையால் வாங்கினான். பிரித்துப் பார்க்கவில்லை. கண் மட்டத்துக்குத் தூக்கி, ஒரு கண்ணை மூடி, அதன் விளிம்பு நெடுக ஒரு பார்வை ஓட்டினான். பிறகு அறுத்த பலகை மேல் தொப்பென்று போட்டான்.

"கவர்ல கோணல் இருக்கா?" என்று கேட்டாள் ரேடியோ.

அவனுக்கே சிரிப்பு வந்துவிட்டது. "பழக்கம். எதை எடுத்தாலும் நேரா இருக்கான்னு பாத்துடுவேன். பொண்ணு பாக்கப் போனப்பவும் இப்படித்தான் பாத்தேன்னு வீட்டுக்காரி இன்னும் சொல்லிக் காட்டுவா. என்ன விஷயம்?"

தராசு விஷயத்தைச் சொன்னார். அவன் சிரிப்பு அடங்கியது. வாசலில் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்ற அண்ணியைப் பார்த்தான்.

"நோட்டீஸை நான் ஒளிச்சு வெச்சு எனக்கென்ன லாபம் சார்? அவங்களுக்கு விலை ஏறினா எனக்கும் ஏறும். எனக்கும் அதே அறுநூத்திப் பத்துதான். இந்தத் தெருவுல எல்லாருக்கும். எதனாலன்னு அவங்களையே கேளுங்க."

"எதனால?" என்றாள் அம்மாள். இரண்டு வருடத்தில் அவனிடம் பேசிய முதல் வார்த்தை.

"அரசாங்கம் விலை எப்படிப் போடுது? பக்கத்துல கடைசியா வித்த பத்திரத்தைப் பாத்துத்தான். கடைசியா வித்தது உங்க காலி மனை. அடிமாட்டு விலைக்கு வித்தீங்க. அந்தப் பத்திரம்தான் தெரு மொத்தத்துக்கும் தாழ்ப்பாள் போட்டுடுச்சு."

"அதுக்கு மேல யாரும் கேக்கலை. தம்பி பத்து பேர்கிட்ட அலைஞ்சான்."

"நானே கேட்டேனே அண்ணி. சதுர அடிக்கு ஆயிரத்து முந்நூறு தரேன், வெளி ஆளுக்கு விக்க வேண்டாம்னு உங்க தம்பிகிட்டதானே சொல்லி அனுப்பினேன். அண்ணன் தம்பி மனஸ்தாபத்துல எனக்குத் தர மாட்டேன்னுட்டீங்கன்னு வந்து சொன்னான். அன்னிக்கு நிறுத்தினதுதான் உங்களோட பேச்சு."

அம்மாள் பக்கத்தில் கிடந்த பலகையைப் பிடித்துக்கொண்டாள். அந்த மனையை விற்கத் தம்பிக்கு அதிகாரப் பத்திரம் எழுதிக் கொடுத்தவள் அவள். எழுதும்போது, 'படிச்சுப் பாருக்கா' என்று அவன் சொன்னான். 'உன்னைப் படிச்சவ, இதைப் படிக்கணுமா?' என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டவளும் அவளே.

"கடைக்குப் போகலாம் சார்," என்றாள்.

*

கண்ணாடிக்கடையில் ஆளைவிடப் பிம்பம் அதிகம். உள்ளே நுழைந்த மூன்று பேரும் பதினைந்து பேராகிவிட்டார்கள். தம்பி கட்டிங் மேஜையில் குனிந்து கோடு இழுத்துக்கொண்டிருந்தான். முப்பத்தைந்து வயது, மாப்பிள்ளை மாதிரி சலவைச் சட்டை.

"ஒரு நிமிஷம் தம்பி," என்று தராசு கவரை நீட்டினார்.

அவன் கட்டரை வைத்துவிட்டு, இரண்டு உள்ளங்கைகளாலும் கவரின் இரு ஓரங்களைப் பிடித்து, நிமிர்த்தி வாங்கினான். மேஜை காலியாகத்தான் இருந்தது. இருந்தும் சுவரில் சாய்த்து நிறுத்தினான்.

மூன்று பேரும் அந்தக் கவரையே பார்த்தார்கள். பதினைந்து பேரும் பார்த்தார்கள்.

"கண்ணாடியை நடுவுல தொட்டா விரல் பதியும். படுக்கப் போட்டா விரிசல் விடும்," என்றார் தராசு. "பதினெட்டு வருஷமா பழகின கை. சொன்ன பேச்சு கேக்காது. நோட்டீஸ் எங்க?"

"எந்த நோட்டீஸ்?"

"கிழிச்சுப் போட்டிருப்பார் பாஸ்," என்றாள் ரேடியோ.

அம்மாள் தலையை ஆட்டினாள். "கண்ணாடிக்காரன் காகிதத்தைக் கிழிக்க மாட்டான். துண்டுக் காகிதம் கிடைச்சாலும் ரெண்டு கண்ணாடிக்கு நடுவுல சொருகுவான், கீறல் விழாம இருக்க." அவள் நேராகக் கடைசி மரச்சட்டத்துக்குப் போனாள். அங்கே பூப்போட்ட பச்சைக் கண்ணாடிகள் சாய்ந்திருந்தன. பழைய மோஸ்தர், வருடக்கணக்கில் யாரும் கேட்காத சரக்கு. ஒளிக்க வேண்டியதை எவனும் ஓடாத சரக்கில்தான் ஒளிப்பான் என்பது வியாபாரிக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. புத்தகப் பக்கம் புரட்டுவது போல ஒவ்வொன்றாகச் சாய்த்தாள். நாலாவது கண்ணாடிக்குப் பின்னால் முத்திரையோடு அந்த நோட்டீஸ் நின்றது.

அவள் அதைப் படிக்கவில்லை. தம்பியைப் பார்த்தாள்.

"மனையை எவ்வளவுக்குடா வித்தே?"

அவன் கண்ணாடிகளில் எங்கே பார்த்தாலும் அக்காதான் இருந்தாள். கடைசியில் தரையைப் பார்த்தான்.

"ஆயிரத்து ஐநூறு. பத்திரத்துல அறுநூத்திப் பத்துன்னு போட்டோம். மீதி கையில."

"யாரு கையில?"

அவன் கை தானாகச் சட்டைப் பையைத் தொட்டது.

"நீ மனு போட்டா, மனை வாங்கினவனைக் கோர்ட்ல கூப்பிட்டு நிஜ விலை என்னன்னு கேப்பாங்க," என்றான். "அதான். வாங்க மாட்டேன்னா கதவுல ஒட்டிடுவாங்க, நீ பாத்துடுவே. வாங்கி வெச்சேன். கெடு முடிஞ்சா எல்லாம் அடங்கிடும்னு நினைச்சேன். உன்னைத் தெருவுல விட்டுடுவேனாக்கா? எங்கூட வந்து இரு."

"எங்கிட்ட கேட்டிருக்கலாமே."

"கேட்டா குடுத்திருப்பியா?"

"குடுத்திருப்பேன்டா. மொத்தத்தையும்."

அவன் சட்டையின் மடிப்பை நீவிக்கொண்டான். ஆனால் மாட்டிக்கொண்டவனுக்கு வெட்கம் தீர்ந்ததும் வக்கீல் புத்தி வந்துவிடும். அவன் தராசு பக்கம் திரும்பினான்.

"சரி சார், வாங்கினது நான்தான். இப்போ என்ன? நான் கூடப்பிறந்தவன். குடும்பத்து ஆளு கையில கொடுத்தா அவங்க கையில கொடுத்த மாதிரிதான். அந்த விதியை நானும் விசாரிச்சு வெச்சிருக்கேன். கெடு அன்னிக்கே ஓட ஆரம்பிச்சுடுச்சு. கண்டுபிடிச்சு என்ன பிரயோஜனம்?"

ரேடியோ முதல் முறையாக வாயடைத்து நின்றாள். கஷ்டப்பட்டுப் பிடித்த திருடனே சாவியை விழுங்கிவிட்ட மாதிரி ஆயிற்று. சுவர்க் கடிகாரத்தில் மணி நாலு.

தராசு அவன் சட்டையைப் பார்த்தார். "விதியில கூடப்பிறந்தவன்னு இல்ல தம்பி. கூட வசிக்கிறவன்னு இருக்கு. ராத்திரி எங்க தூங்கறீங்க?"

"இங்கதான். மாடியில."

"பொய்," என்றாள் அம்மாள். "கல்யாணம் ஆனதும் போயிட்டான் சார். ரெண்டு வருஷம் ஆகப்போகுது. மூணு தெரு தள்ளி வாடகை வீடு."

"வாடகை வீடுதானே," என்றான் தம்பி அவசரமாக. "அது நிலையான இருப்பிடம் இல்லை. இன்னிக்கு இருப்பேன், நாளைக்கு இங்கயே வந்துடுவேன். என் சாமானெல்லாம் இன்னும் மாடியிலதான் கிடக்கு."

அம்மாள் கட்டிங் மேஜைக்கு வந்து அவன் எதிரே நின்றாள். பிறகு மெதுவாகப் பேசினாள். நல்ல சரக்கில் கீறலைத் தடவிப் பார்ப்பவள் போல.

"அந்த வீட்டு ஜன்னலுக்கெல்லாம் நான்தான்டா கண்ணாடி வெட்டினேன். ஆறு ஜன்னல். வீட்டுக்காரர் வாடகையில கழிச்சுக்குவார்னு சொன்னே. கூலிகூட வாங்கலை. எட்டு மில்லி கனம், ஓரம் தேய்ச்சு, பூ வேலை போட்டு. முப்பது வருஷமா இந்தத் தொழில்ல இருக்கேன். வாடகைக்கு விடற வீட்டுக்கு எந்தச் சொந்தக்காரன்டா எட்டு மில்லி போட்டிருக்கான்? மூணு மில்லிக்கே அழுவானே." அவள் மூச்சு விட்டாள். "அப்பவே தெரிஞ்சிருக்கணும். உனக்குன்னு வெட்டினதால கண்ணு கனத்தைப் பாக்கலை."

தம்பியின் முகம் வெளுத்ததே, அந்த வீடு அவன் பேரில்தான் என்பதற்குப் பத்திரப் பதிவு மாதிரி இருந்தது.

தராசு கவரை எடுத்து மடித்தார். "திருடாம இருந்திருந்தா இவருக்கு வீடு இல்ல. வீடு இல்லைன்னா இந்த மாடியிலதான் இருந்திருப்பார். கூட வசிக்கிறவர், நோட்டீஸ் செல்லும், உங்க கதை மூணு மாசத்துக்கு முன்னாலயே முடிஞ்சிருக்கும். அந்தப் பணத்துல தனி வீடு வாங்கினதாலதான் இவர் வாங்கின நோட்டீஸ் செல்லாது. உங்களுக்கு ஆறு மாசக் கெடு. அஞ்சு மணி வரைக்கும் உயிரோட இருக்கு."

"திருட்டுப் பணம் முதல் தடவையா நல்ல காரியத்துக்குப் பயன்பட்டிருக்கு," என்றாள் ரேடியோ. அவளுக்குக் குரல் திரும்பிவிட்டது.

*

கிளார்க் மனுவை மேலிருந்து கீழே படித்தார். தம்பி தனி வீட்டில் வசிப்பவன் என்பதற்குச் சாட்சியாகக் கொழுந்தன் கையெழுத்துப் போட்டிருந்தான். போடும் முன் காகிதத்தின் விளிம்பையும் ஒரு கண் மூடிப் பார்த்திருந்தான். பியூன் தன் பங்குக்கு, 'ஆமா, கூட வசிக்கிறாரான்னு நான் கேக்கலை' என்று ஒப்புக்கொண்டார்.

"ஒரு வரி விட்டுப் போச்சும்மா," என்றார் கிளார்க். "நோட்டீஸ் வாங்கினவர் உங்க குடும்பத்தைச் சேர்ந்தவர் இல்லைன்னு உங்க கையால எழுதணும். அது இல்லாம நான் முத்திரை போட்டா மேல திருப்பிடுவாங்க."

அம்மாள் பேனாவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். சுவர்க் கடிகாரத்தின் முள் நகர்ந்துகொண்டிருந்தது. ஜன்னலுக்குப் பின்னால் ஒருவர் பீரோவைப் பூட்ட ஆரம்பித்தார்.

"வேற மாதிரி எழுத முடியாதா சார்? தனியா இருக்கான்னு மட்டும்?"

"முடியாதும்மா."

ரேடியோ அவள் தோளில் கை வைத்தாள்.

அவள் எழுதினாள். 'அவர் என் குடும்பத்தைச் சேர்ந்தவர் அல்ல.' அவன் என்று எழுதியே பழகிய கை, 'அவர்' என்ற இடத்தில் ஒரு நொடி திணறியது. முத்திரை விழுந்தது. பின்னால் பீரோ பூட்டப்பட்டது.

வெளியே படிக்கட்டில் உட்கார்ந்ததும் அவள் தராசிடம், "கணக்கு நல்லா போடுவீங்களா சார்?" என்று கேட்டாள்.

"அதுதான் என் பேரே."

"மனை ஆயிரத்து இருநூறு சதுர அடி. அடிக்கு எண்ணூத்தித் தொண்ணூறு அவன் எடுத்தது."

"பத்து லட்சத்து அறுபத்தெட்டாயிரம். கேஸ் போட்டா வசூல் பண்ணலாம்."

"இருங்க. அவன் பதினெட்டு வருஷமா என் கடையில வேலை பாத்தான். ஒரு மாசம்கூடச் சம்பளம் தந்ததில்லை. குடும்பத்து ஆளுக்கு யாராவது சம்பளம் குடுப்பாங்களா? சாப்பாடு, துணி, கைச்செலவு, அவ்வளவுதான். இப்போ குடும்பம் இல்லைன்னு எழுதிக் குடுத்துட்டேன். முத்திரையும் போட்டாச்சு. அப்போ அவன் கூலியாள். கூலியாளுக்குச் சம்பளம் பாக்கி வைக்கிற பழக்கம் என் கடையில கிடையாது. ஆரம்பத்துல ரெண்டாயிரம், இப்போ எட்டாயிரம். சராசரி ஐயாயிரம்னு வெச்சுக்கங்க."

"அம்மா, இந்தக் கணக்கை யாரும் உங்ககிட்ட கேக்கலை," என்றாள் ரேடியோ.

"போடுங்க சார்."

தராசு மனதுக்குள் பெருக்கினார். ஒரு முறை பெருக்கி, நம்பாமல் மறுமுறையும் பெருக்கினார்.

"சம்பளம் பத்து லட்சத்து எண்பதாயிரம். அவர் எடுத்தது பத்து லட்சத்து அறுபத்தெட்டாயிரம். கழிச்சா..."

"பன்னெண்டாயிரம்," என்றாள் அவள். "நான்தான் அவனுக்குத் தரணும்."